கால் எங்கை? ஒரு கூத்துப் பதிவின் நிகழ்வு ஆய்வு

முல்லைத்தீவுப் பக்கத்துக் கிராமம் ஒன்றில், கோயில் மடத்துச் சுவரில் வெள்ளை வேட்டி கட்டி, இரவல் வாங்கிய புரொஜெக்டரில் எங்கள் படத்தைப் போட்டுக் காட்டினோம். கோவலன் கூத்து. விடிய விடிய ஆடியதை 22 நிமிடமாக வெட்டியிருந்தோம். பிள்ளைகள் கைதட்டினார்கள். கோவலனாக ஆடிய பெடியனின் தாய்க்கு மகனைப் பெரிதாகத் திரையில் கண்டதும் கண் கலங்கிவிட்டது. கூத்தைப் பழக்கிய அண்ணாவியார் மட்டும் கதிரையில் முன்னுக்குச் சரிந்து, கடைசிவரை ஒன்றும் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தார். படம் முடிந்து லைற்றைப் போட்டபிறகு என்னைப் பக்கத்தில் கூப்பிட்டார்.

"தம்பி, முகமெல்லாம் வடிவாத்தான் இருக்கு. கால் எங்கை?"

22 நிமிடத்தில் கால் தெரிந்த காட்சிகளைப் பிறகு எண்ணிப் பார்த்தேன். எல்லாம் சேர்த்து இரண்டு நிமிடம்கூட வரவில்லை. ஆடியவர்கள் ஆறு மணித்தியாலத்துக்கு மேல் காலால் ஆடியிருந்தார்கள். நாங்கள் முகத்தையே எடுத்து, முகத்தையே வெட்டி ஒட்டியிருந்தோம். அது எப்படி நடந்தது, எதைத் திருத்த முடிந்தது, எதைத் திருத்த முடியவில்லை என்பதை இங்கே எழுதுகிறேன். கூத்தோ கோயில் சடங்கோ எடுக்கப் போகிற ஒருவருக்கு இது உதவினால் போதும்.

எங்களிடம் கேட்டது

நாங்கள் கிளிநொச்சியில் சின்னதாக ஒரு ஸ்ரூடியோ வைத்திருக்கிறோம். கல்யாணம், சாமத்தியவீடு, தேர்த் திருவிழா, இவைதான் பிழைப்பு. கூத்து எடுத்த பழக்கம் இல்லை. அந்தக் கிராமத்து இளைஞர்கள் வந்து கேட்டது ஒரே வசனம்தான்: "எங்கடை கூத்தை ஒருக்கா முழுசா எடுத்துத் தாங்கோ, பிறகு வாற பிள்ளையள் பாத்துப் பழகோணும்."

அதற்குப் பின்னால் ஒரு கதை இருந்தது. 2009 இடப்பெயர்வில் அண்ணாவியாரின் கூத்துக் கொப்பி போய்விட்டது. வன்னியில் எத்தனையோ வீடுகளில் கல்யாண அல்பமும் கசெற்றும் போனமாதிரித்தான். திரும்பி வந்தபிறகு ஞாபகத்திலிருந்து புதுக்கொப்பியில் எழுதி வைத்திருக்கிறார். ஆனால் கொப்பியில் பாட்டுத்தான் இருக்கும். மெட்டும் அடியும் இராது. அவை ஆளின் உடம்பில் இருக்கின்றன, ஆளுக்கு வயதாகிறது. ஆகவே பதிவின் நோக்கம் படிப்பித்தல். "பழகோணும்" என்ற சொல் எங்கள் காதில் விழுந்தது, கமராவுக்குப் போய்ச் சேரவில்லை.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். கடல்நீரில் விளக்கெரிகிற வற்றாப்பளைக் கண்ணகி அம்மனைக் கும்பிடுகிற சனத்துக்கு, கோவலனும் கண்ணகியும் கதையில் வருகிற ஆட்கள் மட்டும் அல்ல. பக்தியோடு ஆடுகிறார்கள், பக்தியோடு பார்க்கிறார்கள். கமரா வைத்திருக்கிறவருக்கு அங்கே இருக்கிற இடம் கல்யாண வீட்டில் இருக்கிற இடம் மாதிரி இல்லை. எங்கே நிற்கலாம், எங்கே நிற்கக்கூடாது என்று முதலிலேயே கேட்டோம். அதில் மட்டும் நாங்கள் பிழை விடவில்லை.

மூன்று கமரா, ஒரு வட்டம்

கூத்து ஆடுகிற களரி வட்டமானது, ஏறத்தாழ எட்டு மீற்றர் அகலம். சுற்றிவரச் சனம் இருந்தது. மத்தளகாரரும் தாளக்காரரும் பிற்பாட்டுக்காரரும் அன்றைக்கு வடக்குக் கரையில் நின்றார்கள். ஸ்பீக்கர் இரண்டும் களரிக்குப் பக்கத்திலேயே இருந்தன.

கிழக்குப் பக்கம், 25 மீற்றர் தள்ளி, ரக்ரர் பெட்டிக்கு மேல் ஒரு மிரர்லெஸ் கமராவை ட்ரைபொட்டில் வைத்தோம். கமராவோடு வந்த 18-55 லென்ஸ்தான், 55 மில்லிமீற்றரில். அந்தத் தூரத்தில் அது பத்து மீற்றருக்குக் கொஞ்சம் கூடிய அகலத்தைக் காட்டும், அதனால் களரி முழுக்க அடங்கியது. இதை 4கே-யில் ஓடவிட்டோம். இனி இதைப் பெட்டிக் கமரா என்கிறேன். எதிர்ப்பக்கம், மேற்குக் கரையில், களரியின் நடுவிலிருந்து ஆறு மீற்றரில் ஒரு பழைய டிஎஸ்எல்ஆர், 50 மில்லிமீற்றர் எஃப் 1.8 லென்ஸோடு. அதில் நான் இருந்தேன். அதற்குப் பக்கத்தில் ஒரு தம்பி போனைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். மத்தளத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்ன றெக்கோடர்.

பார்த்தால் மூன்று கோணம் மாதிரி இருக்கும். உண்மையில் ஒன்றுகூட மற்றதோடு சேராது. அது எடிட்டிங் மேசையில்தான் விளங்கியது.

இரண்டு பேர் எதிரெதிரே நிற்கும்போது அவர்களுக்கிடையே ஒரு கோடு இருப்பதாக நினைத்துக்கொண்டு, எல்லாக் கமராக்களையும் அந்தக் கோட்டின் ஒரே பக்கத்தில் வைக்கவேண்டும் என்பது படப்பிடிப்பின் பழைய விதி, 180 பாகை விதி. கோட்டைத் தாண்டினால் இடமிருந்து வலம் போன ஆள் அடுத்த காட்சியில் வலமிருந்து இடம் போவார். எங்கள் பெட்டிக் கமராவும் என் கமராவும் நேருக்கு நேர் எதிர்ப்பக்கம். கோவலன் மதுரைக்குப் புறப்பட்டு வட்டம் சுற்றுகிறார். பெட்டிக் கமராவில் வலப்பக்கமாகப் போகிறார். என் கமராவுக்கு வெட்டினால் இடப்பக்கம் போகிறார். பார்க்கிறவருக்கு அவர் ஏதோ மறந்துபோய் வீட்டுக்குத் திரும்புகிற மாதிரி இருக்கும்.

மற்றப் பிழை இதற்கு நேர்மாறானது. என் கமராவும் போனும் பக்கத்தில் பக்கத்தில் நின்றதால் கோண வித்தியாசம் பத்துப் பாகைகூட இராது. ஒரே ஆளை ஒரே அளவில் இரண்டு கமராவில் எடுத்து வெட்டும்போது குறைந்தது 30 பாகையாவது விலகியிருக்கவேண்டும். இல்லாவிட்டால் வெட்டுத் தெரியாமல் போவதற்குப் பதிலாக ஆள் இருந்த இடத்தில் துள்ளிக் குதித்ததுபோல இருக்கும். ஒன்று மிகவும் தள்ளி, மற்றது மிகவும் கிட்ட. இரண்டு பிழையையும் ஒரே இரவில் விட்டிருந்தோம்.

வட்டக்களரியில் கோடு எங்கே என்பது நியாயமான கேள்வி. ஆட்டக்காரர் நாலு திசைக்கும் திரும்பிப் பாடுகிறார், நிரந்தரமான முன்பக்கம் என்று ஒன்று இல்லை. இந்தச் சிக்கல் கமராவோடு வந்ததும் இல்லை. 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் கூத்தை எடுத்து, இரவிரவாக நடப்பதைச் சுருக்கி, ஒருபக்கம் மட்டும் திறந்த மேடைக்குக் கொண்டுவந்தபோது இதே கேள்வி வந்தது. வட்டத்துக்கு ஆடிப் பழகிய உடம்பை ஒரு பக்கத்துக்குத் திருப்புவது எப்படி? அவர் ஆட்டத்தையே மேடைக்கேற்ற மாதிரி அமைத்தார். பதிவு செய்கிற எங்களுக்கு அந்த உரிமை இல்லை. ஆட்டம் இருந்தபடி இருக்கவேண்டும், நாங்கள்தான் அதைச் சுற்றி இடம் பார்க்கவேண்டும்.

இப்போது என் முடிவு இது: மத்தளகாரர் நிற்கிற கரைதான் களரியின் அசையாத புள்ளி. அதை எல்லாக் கமராவிலும் ஒரே பக்கத்தில் வருமாறு வைத்தால், ஆட்டக்காரர் எந்தப் பக்கம் திரும்பினாலும் பார்க்கிறவருக்குத் திசை பிசகாது. எங்களுக்கு அன்றைக்கு மத்தளம் வடக்கில். பெட்டிக் கமராவில் அது வலப்பக்கம், என் கமராவில் இடப்பக்கம். இரண்டு கமராவையும் தெற்குப் பாதியில், ஒன்றுக்கொன்று 60 முதல் 90 பாகை விலக்கி வைத்திருந்தால் இந்தப் பிரச்சினையில் பெரும்பகுதி வந்திராது. அதைச் சொல்ல ஒத்திகை ஒன்றைப் பார்த்திருந்தாலே போதும். வெள்ளுடுப்பு என்கிற ஒத்திகைக்கு வரச்சொல்லிக் கூப்பிட்டார்கள். எங்களுக்கு அன்றைக்கு ஒரு கல்யாணம் இருந்தது. போகவில்லை.

வெளிச்சம்

எங்களிடம் இரண்டு பெரிய லைற் இருந்தது. அண்ணாவியார் வேண்டாம் என்றார், ஆடுகிறவர்களின் கண்ணுக்கு அடிக்கும் என்று. ஊரவர் கட்டியிருந்த எல்ஈடி குழல் விளக்குகளிலேயே எடுத்தோம். அது சரியான முடிவு. மட்டக்களப்பில் பிறந்த பாலு மகேந்திரா இருக்கிற வெளிச்சத்தை நம்பிப் படம் எடுத்தவர். அவருடைய படங்களைப் பார்த்து வளர்ந்தவன் நான், இரவில் மனிதர் இருக்கிற வெளிச்சம்தான் அந்த இரவு என்று நினைக்கிறேன்.

ஆனால் எல்ஈடிக்கு ஒரு குணம் உண்டு. எங்கள் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். மலிவான விளக்குகள் விநாடிக்கு நூறு தரம் மங்கி மங்கி எரியும். கண்ணுக்குத் தெரியாது, கமராவுக்குத் தெரியும். சட்டர் வேகம், அதாவது ஒரு ஃபிரேமுக்கு வெளிச்சம் விழுகிற நேரம், 1/50 அல்லது 1/100 விநாடி என்றால் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒரே அளவு வெளிச்சம் விழும். 1/60 என்றால் படத்தில் கறுப்புப் பட்டைகள் மெதுவாக ஊர்ந்து போகும். இரண்டு கமராவையும் விநாடிக்கு 25 ஃபிரேம், 1/50 என்று வைத்திருந்தோம், அவை தப்பின. போனைத் தானியங்கியில் விட்டிருந்தோம். அது 30 ஃபிரேமில், தன் விருப்பத்துக்குச் சட்டரை மாற்றி மாற்றி எடுத்தது. போன் எடுத்ததில் பாதிக்கு மேல் பட்டை விழுந்திருந்தது. நடுச்சாமத்துக்குப் பிறகு கறண்ட் நின்று ஜெனரேற்றர் போட்டார்கள். அதன் ஓட்டம் நிலையாக 50-ல் நிற்காது. அந்த அரைமணித்தியாலம் எல்லாக் கமராவிலும் மெல்லிய துடிப்பு இருக்கிறது. அதை அப்படியே விட்டுவிட்டோம்.

என் கமராவில் இன்னொரு பிழை. முகம் பளிச்சென்று வந்து பின்னணி மங்கவேண்டும் என்பது கல்யாண வீட்டு ஆசை. அதனால் லென்ஸின் துவாரத்தை முழுக்கத் திறந்து, எஃப் 1.8-லேயே இரவு முழுக்க வைத்திருந்தேன். ஆறு மீற்றரில் அந்த லென்ஸில் கூர்மையாகத் தெரிகிற ஆழம் ஏறத்தாழ ஒரு மீற்றர்தான். எட்டு மீற்றர் களரியில் சுழன்று ஆடுகிற ஒருவர் அந்த ஒரு மீற்றருக்குள் எவ்வளவு நேரம் இருப்பார்? எஃப் 4-க்கு மூடியிருந்தால் ஆழம் இரண்டு மீற்றருக்கு மேல் வந்திருக்கும். ஆனால் வெளிச்சம் ஐந்தில் ஒரு பங்காகிவிடும், கமராவின் ஒளியுணர்வை, ஐஎஸ்ஓவை, ஏற்றிப் புள்ளிப்புள்ளியாக வருவதைப் பொறுத்துக்கொள்ளவேண்டும். புள்ளியோடு கால் தெரிவது, புள்ளியில்லாமல் கால் மங்குவதைவிட ஆயிரம் மடங்கு நல்லது. இது இப்போது தெரிகிறது.

பழைய கமராக்கள் பல 29 நிமிடம் 59 விநாடியில் தாமாகவே பதிவை நிறுத்திவிடும். அரைமணித்தியாலத்துக்கு மேல் பதிவுசெய்கிற கருவியை ஐரோப்பாவில் வீடியோக் கமராவாகக் கணக்கெடுத்துக் கூடிய சுங்கவரி போட்டதால் வந்த வழக்கம் அது. எங்கள் கமராக்கள் இரண்டும் அந்த வகை. அது தெரிந்தும், இரண்டையும் ஒரே நேரத்தில் தொடங்கினோம். ஆகவே இரண்டும் ஒரே நேரத்தில் நின்றன. மாதவி களரிக்குள் வருகிற பாட்டான வரவுத் தருவின் முதல் அடி இப்படித்தான் இரண்டிலும் இல்லாமல் போனது. குரல் றெக்கோடரில் இருக்கிறது, படம் போனில் மட்டும், பட்டையோடு. கால்மணித்தியாலம் தள்ளித் தொடங்கியிருந்தால் ஒன்று நிற்கும்போது மற்றது ஓடிக்கொண்டிருந்திருக்கும்.

முதல் வெட்டு

எடிட்டிங் செய்யும்போது எனக்குள் ஒரு கணக்கு இருந்தது. படத்தொகுப்பாளர் வால்டர் மர்ச் ஒரு நல்ல வெட்டுக்கு ஆறு அளவுகோல் சொல்லி, அதில் உணர்ச்சிக்கு 51 வீதம் கொடுக்கிறார். கதைக்கு 23, தாளத்துக்கு 10, மிச்சம் கண் போகிற இடம், திரையின் தளம், இடத்தின் தொடர்ச்சி என்று பிரிகிறது. எல்லாவற்றையும் காப்பாற்ற முடியாவிட்டால் கீழேயிருப்பதை விட்டுக்கொடு, உணர்ச்சியை விட்டுக்கொடுக்காதே என்பது அதன் சாரம். நான் அதை நம்பி, எங்கெல்லாம் ஒரு முகம் உருக்கமாக இருந்ததோ அங்கெல்லாம் வெட்டினேன். சராசரியாக நாலு விநாடிக்கு ஒரு வெட்டு. சில இடங்களில் வேகத்தைக் குறைத்து, முகத்திலிருந்து முகத்துக்குக் கரைய விட்டேன்.

மர்ச் சொன்னதில் பிழையில்லை. உணர்ச்சி முகத்தில்தான் இருக்கிறது என்று நான் எடுத்துக்கொண்டதுதான் பிழை. கூத்தில் கோவலனின் தயக்கம் புருவத்தில் இல்லை, மூன்றாவது அடியை வைக்காமல் காலைத் தூக்கி வைத்திருக்கிற அந்த ஒரு தட்டில் இருக்கிறது. மத்தளம் அதைக் கேட்கிறது, சதங்கை பதில் சொல்கிறது. அந்த இடத்தில் நான் முகத்துக்கு வெட்டியிருந்தேன். முகம் சும்மா இருந்தது.

காட்டிய அன்றிரவு இன்னும் இரண்டு குறை வெளியே வந்தது. ஒன்றை மத்தளகாரர் கண்டுபிடித்தார்: "பெட்டியிலை இருந்து எடுத்ததிலை கால் முதலிலை விழுது, சத்தம் பிறகு வருது." நான் நம்பவில்லை. அலைவடிவத்தை வைத்துக் கணினியே ஒலியைச் சரியாகப் பொருத்தியிருந்தது. வீட்டுக்கு வந்து ஒவ்வொரு ஃபிரேமாகப் பார்த்தேன். அவர் சொன்னது சரி.

காரணம் எளிமையானது. ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 345 மீற்றர் போகும். 25 மீற்றர் தள்ளியிருந்த பெட்டிக் கமராவின் மைக்குக்கு மத்தளச் சத்தம் போய்ச்சேர 0.07 விநாடி எடுக்கும், கிட்டத்தட்ட இரண்டு ஃபிரேம். படத்துக்கு அந்தத் தாமதம் இல்லை. கணினி கமராவின் தாமதமான ஒலியை மத்தளத்தடி றெக்கோடரின் ஒலியோடு பொருத்தும்போது, முழுக் காட்சியையும் இரண்டு ஃபிரேம் முன்னுக்கு இழுத்துவிடுகிறது. அதனால் கால் முன்னதாக விழுகிறது. பேச்சு என்றால் ஒருவரும் கவனிக்கமாட்டார்கள். ஐம்பது வருடமாக மத்தளம் அடிக்கிற கைக்கு இரண்டு ஃபிரேம் பெரிய இடைவெளி. பெட்டிக் கமராவின் காட்சிகளையெல்லாம் இரண்டு ஃபிரேம் பின்னுக்குத் தள்ளியவுடன் சரியாகிவிட்டது. நாலைந்து நிமிட வேலை, ஆனால் அவர் சொல்லாமல் விட்டிருந்தால் எனக்கு வாழ்நாளில் தெரிந்திராது.

போன் வேறு விதமாகப் பிசகியது. போன்கள் ஃபிரேம் வேகத்தை நிலையாக வைத்திருக்காது. வெளிச்சத்துக்கும் சூட்டுக்கும் ஏற்றபடி கூட்டிக் குறைக்கும். தொடக்கத்தில் பொருந்தியது பத்து நிமிடத்தில் வாயசைவுக்குப் பொருந்தாமல் போனது. ஹான்ட்பிரேக் என்ற மென்பொருளில் போட்டு 25 ஃபிரேமுக்கு நிலையாக மாற்றிய பிறகுதான் பாவிக்க முடிந்தது.

ஆச்சியின் கண்ணீர்

இரண்டாவது குறை என்னை அதிகம் உறுத்தியது.

கோவலனை வெட்டுகிற காட்சிக்கு நடுவில், சனத்துக்குள் இருந்த ஒரு ஆச்சி சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைக்கிற காட்சியைப் போட்டிருந்தேன். திரையில் அந்த இடம் வந்தபோது மடம் அமைதியானது. படம் முடிந்ததும் ஒரு சின்னப் பெண் சத்தமாகவே கேட்டாள்: "அம்மம்மா அந்த நேரம் வீட்டையெல்லோ?"

உண்மைதான். ஆச்சி நடுச்சாமத்துக்கு முதலே எழும்பிப் போய்விட்டார். நான் எடுத்தது இரவு பத்தரைக்கு, பொங்கல் அடுப்புப் புகை காற்றில் திரும்பிச் சனத்துப் பக்கம் வந்த நேரம். கோவலன் வெட்டுப்பட்டது விடியப்புறம் மூன்றரைக்கு.

இந்த வித்தை நூறு வருடப் பழசு. ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் ஒரு நடிகரின் உணர்ச்சியற்ற ஒரே முகத்தை எடுத்து, ஒரு சூப்புக் கோப்பையோடும் சவப்பெட்டியோடும் ஒரு பெண்ணோடும் மாறி மாறி ஒட்டிக் காட்டினார். முகம் மாறவேயில்லை. பார்த்தவர்கள் பசியையும் துக்கத்தையும் ஆசையையும் அதில் கண்டார்கள். பக்கத்தில் பக்கத்தில் வைக்கிற இரண்டு காட்சிக்கு நடுவில் பார்க்கிறவரின் மனம் ஒரு மூன்றாவதைச் செய்துகொள்கிறது. கதைப்படத்துக்கு அது உயிர். நாங்கள் செய்தது பதிவு. புகைக்குத் துடைத்த கண்ணை நான் துக்கத்துக்குத் துடைத்த கண்ணாக ஆக்கிவிட்டேன், அதுவும் அந்த ஆச்சியைக் கேட்காமல்.

இதை நான் பெரிதாக எடுப்பதற்குக் காரணம் இருக்கிறது. வன்னியில் அழுகிற முகங்களை வெளியிலிருந்து வந்தவர்கள் எவ்வளவோ எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்கள். எந்த முகம் எந்தத் துக்கத்துக்கு அழுதது என்று யாரும் பிறகு வந்து கேட்கவில்லை. அதே ஊரில் பிறந்து வளர்ந்த நானும் அதையே செய்யலாமா? அடுத்த நாள் ஆச்சி வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். அவர் சிரித்தார். "நான் கோவலனுக்கும் அழுவன் தம்பி, ஆனா அண்டைக்கு அழேல்லை" என்றார். அந்தக் காட்சியை நீக்கிவிட்டேன். இரண்டாவது படத்தில் சனத்தின் முகம் வருகிற இடங்களெல்லாம் அந்தந்தப் பாட்டு நடக்கும்போது எடுத்தவை மட்டும்தான். அது எட்டோ ஒன்பதோ இடந்தான்.

இரண்டாவது வெட்டு

கால் தெரிகிற காட்சி எங்களிடம் இருந்தது பெட்டிக் கமராவில் மட்டும். அதை நாங்கள் ஒரு காப்பாகத்தான் வைத்திருந்தோம், மற்றவை தவறினால் இருக்கட்டும் என்று. கடைசியில் அதுவே முழுப் பதிவின் முதுகெலும்பாகிவிட்டது.

4கே படத்தின் அகலம் 3840 பிக்சல். நாங்கள் கொடுக்கப்போவது 1920 அகலத்தில். ஆகவே பெட்டிக் கமராவின் படத்துக்குள் கால்பங்குப் பரப்பை மட்டும் வெட்டியெடுத்தாலும் கூர்மை குறையாது. அந்தக் கால்பங்கு, களரியில் ஐந்து மீற்றருக்குக் கொஞ்சம் கூடிய அகலமும் மூன்று மீற்றர் உயரமும். ஒருவர் தலைப்பாகையிலிருந்து சதங்கை வரை அடங்கி, காலுக்குக் கீழே நிலமும் கொஞ்சம் தெரியும். நிலம் தெரியவேண்டும். நிலமில்லாத கால் மிதக்கிற மாதிரி இருக்கும். அந்தச் சட்டத்தை ஆட்டக்காரரோடு மெதுவாக நகர்த்தினேன், அவர் திரும்புகிற பக்கத்தில் கொஞ்சம் இடம் விட்டு. எஃப் 5.6-ல் எடுத்ததால் புள்ளி கூடத் தெரிந்தது. மென்பொருளில் கொஞ்சம் குறைத்தேன். கூடக் குறைத்தால் சதங்கை மணிகள் ஒன்றோடொன்று கரைந்துவிடும், அதனால் நிறுத்திக்கொண்டேன்.

அப்புறம் வெட்டு எங்கே விழவேண்டும் என்ற கேள்வி. இந்த முறை நான் தனியே இருந்து முடிவெடுக்கவில்லை. மடிக்கணினியைக் கொண்டுபோய் அண்ணாவியார் வீட்டுத் திண்ணையில் வைத்து மூன்று பின்னேரம் இருந்தேன். அவர் எடிட்டிங் பழகியவர் இல்லை. ஆனால் "இதிலை வேண்டாம்", "ஆ, இதிலை மாத்து" என்று சொல்லச் சொல்ல ஒரு ஒழுங்கு தெரியத் தொடங்கியது. ஆட்டக்காரர் ஒரு அடியைப் பாடி முடித்து, பிற்பாட்டுக்காரர் அதை எடுக்கிற இடம். தாளக்கட்டு முடிந்து உடம்பு மறுபக்கம் திரும்புகிற இடம். வெட்டுக்கு அவை போதும். கல்யாண வீடியோவில் பாட்டின் ஒவ்வொரு தட்டுக்கும் வெட்டிப் பழகிய கைக்கு இது கஷ்டமாக இருந்தது. தட்டில் வெட்டினால் அந்தத் தட்டில் விழுகிற கால் போய்விடும். கால் விழுந்தபிறகு, அடுத்தது எழும்புவதற்கு முதல் வெட்டவேண்டும்.

என் கமராவின் முகக் காட்சிகளைத் தூக்கி எறியவில்லை. வசனம் பேசுகிற இடங்களில், ஆட்டக்காரர் நின்று பேசும்போது, அவற்றைப் பாவித்தேன். ஆனால் திசை மாறுகிற சிக்கல் இருக்கிறதே. எதிர்ப்பக்கத்துக் கமராவுக்கு நேரே தாவாமல், இடையில் மத்தளத்தையோ மேலிருந்து தெரிகிற முழுக் களரியையோ மூன்று நாலு விநாடி வைத்தால் பார்க்கிறவர் புதிதாக இடம் பிடித்துக்கொள்வார். பழைய வைத்தியம்தான், வேலை செய்கிறது.

ஒலியில்தான் பெரிய பாடம் கற்றேன். முழுப் பதிவுக்கு ஒலியைத் தொடவே தேவையில்லை, றெக்கோடரில் இருப்பது இருந்தபடி ஓடும், படம் மட்டும் மேலே மாறும். சுருக்கத்துக்குப் பாட்டையும் வெட்டவேண்டும். ஒரு தருவில் ஆறு அடி இருந்தால் முதலாவதையும் கடைசியையும் வைத்து நடுவிலுள்ளதை நீக்கினேன். தாள எண்ணிக்கை சரியாகத்தான் இருந்தது. கேட்டால் மட்டும் ஏதோ இடறியது. மத்தளகாரர் இரண்டாம் தரமும் கண்டுபிடித்தார்: தரு போகப்போகக் காலம் ஏறும். முதலாம் அடியின் வேகமும் ஆறாம் அடியின் வேகமும் ஒன்றில்லை. நான் ஒட்டிய இடத்தில் மத்தளம் ஒரே தாவலில் ஓடத் தொடங்கியிருந்தது. ஆகவே தருவை உடைப்பதை விட்டேன். ஒரு தருவை எடுத்தால் முழுதாக எடுப்பது, விட்டால் முழுதாக விடுவது. இரண்டு தருவுக்கு நடுவில் வசனம் வரும், அங்கே வெட்டினால் ஒருவருக்கும் தெரியாது. காட்சி மாறுகிற இடங்களில் அடுத்த வரவின் மத்தளத்தை இரண்டு விநாடி முன்னதாகவே கேட்கவிட்டேன். ஜே கட் என்று சொல்வது. களரியிலும் அப்படித்தான் நடக்கிறது. ஆள் வெளியே வருவதற்கு முன்பே மத்தளம் அவரைக் கூப்பிட்டுவிடும்.

சுருக்கம் 22 நிமிடத்திலிருந்து 31 நிமிடமாக நீண்டது. வெட்டுகள் மூன்றில் ஒரு பங்குக்கும் கீழே இறங்கின. முழுப் பதிவைத் தரு தருவாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் அண்ணாவியாரின் கொப்பியில் இருக்கிற இலக்கத்தையே பெயராக வைத்து, மூன்று ஹார்ட் டிஸ்கில் போட்டுக் கொடுத்தோம். ஒன்று கோயிலில், ஒன்று அண்ணாவியார் வீட்டில், ஒன்று கிளிநொச்சியில் எங்களிடம். ஒரே இடத்தில் வைத்து ஒருமுறை எல்லாவற்றையும் இழந்த ஊர் அது.

திருத்த முடியாதது

மாதவியின் வரவு திரும்பி வராது. ஜெனரேற்றர் ஓடிய நேரத்துத் துடிப்பும் இருக்கும். இவற்றைவிடப் பெரிய குறை ஒன்று இருந்தது. பெட்டிக் கமராவின் கால்கள் தெரிகின்றனவே தவிர, பழகுகிற பிள்ளைக்கு அது போதாது. 25 மீற்றருக்கு அப்பால், மேலிருந்து, 1/50 சட்டரில், வேகமான அடிகள் இழுபட்டுத்தான் தெரிகின்றன. குதி முதலில் படுகிறதா, முன்பாதமா என்று சொல்ல முடியாது. அதை வெட்டிச் சரிப்படுத்த ஒரு வழியும் இல்லை. எடுக்காததை எடிட்டிங்கில் செய்ய முடியாது.

ஆகவே அண்ணாவியாரிடம் போய், அடிகளை மட்டும் தனியாக ஒருக்கா எடுப்போமா என்று கேட்டேன். ஒரு காலை ஏழு மணிக்கு, கோயில் வீதியில், வெயில் ஏறமுதல். கமராவை முழங்கால் உயரத்தில் வைத்தேன், பக்கவாட்டில், எஃப் 5.6, சட்டர் 1/200, விநாடிக்கு 50 ஃபிரேம். அதை 25-ல் ஓடவிட்டால் அடி பாதி வேகத்தில் தெரியும், பிள்ளைகள் நிறுத்தி நிறுத்திப் பார்க்கலாம். மத்தளகாரர் ஒரு வாங்கில் இருந்து மெதுவாக அடித்தார். அண்ணாவியார் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, ஒவ்வொரு தாளக்கட்டாக ஆடிக் காட்டினார். ஒவ்வொன்றும் ஒரே காட்சி, வெட்டே இல்லை. முன்னிருந்து ஒருதரம், பக்கத்திலிருந்து ஒருதரம்.

கோவலன் வரவின் அடி முடிந்ததும் கமராவின் திரையை அவருக்குத் திருப்பிக் காட்டினேன்.

"இப்ப கால் தெரியுதோ ஐயா?"

கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, திரைக்குக் கிட்ட முகத்தைக் கொண்டுபோய்ப் பார்த்தார். பாதி வேகத்தில் மண் எழும்பி விழுந்தது.

"தெரியுது தம்பி. மூண்டாவது அடி பிழைச்சுப் போட்டன். திருப்பி எடுப்பம்."

எடுத்தோம்.